பேய் இருந்தும் ஏன் காலி செய்யவில்லை?

பெங்களூரு சர்ஜாபூர் சாலையிலிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார்: “அக்கா, வரும் சனிக்கிழமை இரவு எங்கள் வீட்டில் எட்டுப் பேர் கூடிப் பேய்ப்படம் பார்க்கப் போகிறோம். பதினோராவது மாடி. பேய் குடியிருக்கும் வீட்டைப் பற்றிய படங்களாகச் சொல்லுங்கள். ரத்தக்களரி வேண்டாம். நண்பர்களில் இருவர் கன்னடக்காரர்கள், ஒருவர் மலையாளி. அண்ணன் மகனுக்குப் பத்து வயது, ஒன்பது மணிவரை எங்களோடு இருப்பான். என் மனைவிக்குப் பேய்ப்படம் பார்த்தால் சிரிப்புத்தான் வரும். அவளை ஒரு முறையாவது பயமுறுத்திப் பார்க்க வேண்டும்.”

தம்பி, கடைசி வரியை நீங்கள் முதலிலேயே எழுதியிருக்கலாம். மற்றதெல்லாம் அதற்குச் சுற்றிவளைத்த முன்னுரை.

உங்கள் மனைவி சிரிப்பதில் தவறே இல்லை. நள்ளிரவில் நாற்காலி தானாக நகர்கிறது, குழாயைத் திறந்தால் சிவப்பாக ஏதோ வருகிறது, மாடத்தில் ஒருத்தி தலைவிரிகோலமாக நிற்கிறாள். விடிந்ததும் அந்தக் குடும்பம் அதே வீட்டில் உட்கார்ந்து இட்லிக்குச் சட்னி போதவில்லை என்று பேசிக்கொண்டிருக்கிறது. இதைப் பார்த்துச் சிரிக்காமல் வேறு என்ன செய்ய முடியும்? பேய் வீட்டுப் படத்தை எடைபோட நான் வைத்திருக்கும் படிக்கல் ஒன்றே ஒன்றுதான்: இவர்கள் ஏன் வீட்டைக் காலி செய்யவில்லை? இதற்கு ஒழுங்கான பதில் வைத்திருக்கும் படத்தில் பேய் அரைகுறையாக வந்தாலும் வயிற்றைப் பிசையும். பதில் இல்லாத படத்தில் எத்தனை லட்சம் செலவழித்து முகத்துக்கு மாவு பூசினாலும் அது மாறுவேடப் போட்டிதான்.

இந்தப் படிக்கல்லை எனக்குக் கொடுத்தது இந்த ஊர்தான். 1990களின் நடுவில் வேலைக்கு வந்தபோது அலசூரில் ஒரு போர்ஷன் எடுத்து நானும் ஒரு தோழியும் தங்கினோம். மேல்வீடு பூட்டிக் கிடந்தது. ஆனால் இரவு இரண்டு மணிக்கு அங்கே யாரோ அம்மிக் குழவியை உருட்டுவார்கள். தினமும் இல்லை, மூன்று நாளைக்கு ஒரு முறை. தோழி வாசற்படியில் எலுமிச்சம்பழம் வைத்தாள், நான் கந்த சஷ்டி கவசம் சொன்னேன். காலி செய்வதைப் பற்றி மட்டும் இருவரும் பேசவில்லை. பத்து மாத வாடகை அட்வான்ஸாகக் கொடுத்திருந்தோம். பாதியில் கிளம்பினால் பெயிண்ட் அடிக்க என்று ஒரு மாத வாடகை போகும், மீதி எப்போது வரும் என்பது வீட்டுக்காரருக்கே வெளிச்சம். பேய்க்கு வாழ்க்கைப்பட்டால் புளியமரம் ஏறத்தான் வேண்டும் என்ற பழமொழி பெங்களூருவில் வாடகைக்கு இருப்பவர்களுக்காகவே சொல்லப்பட்டது என்று நான் அப்போது நம்பினேன். எட்டு மாதம் கழித்துக் குழாய் வேலைக்கு வந்தவர் மர்மத்தை உடைத்தார். மூன்று நாளைக்கு ஒரு முறை இரவில் தண்ணீர் விடுவார்கள். காலிக் குழாயில் அடைபட்ட காற்று மேல்வீட்டு வளைவில் முட்டிக்கொண்டு உருளும். அவ்வளவுதான். ஆனாலும் அந்த எட்டு மாதப் பயம் உண்மை.

அதே காலத்தில்தான் இந்த ஊரில் வீட்டுக் கதவுகளிலும் சுவர்களிலும் கன்னடத்தில் ‘நாளே பா’ என்று எழுதி வைத்தார்கள். இரவில் ஒரு பெண் பேய் தெரிந்தவர் குரலில் கதவைத் தட்டும், திறந்தால் முடிந்தது கதை. ‘நாளைக்கு வா’ என்று எழுதியிருப்பதைப் படித்துவிட்டுத் திரும்பிப் போகும், மறுநாள் வந்து அதையே மறுபடி படிக்கும். படிப்பறிவும் நாணயமும் உள்ள பேய். 2018இல் வந்த ‘ஸ்த்ரீ’ என்ற இந்திப் படம் இதே நம்பிக்கையை எடுத்துக்கொண்டு ஊரெல்லாம் சிரிக்க வைத்தது. உங்கள் கன்னட நண்பர்களிடம் கேளுங்கள், ஆளுக்கொரு கதை வைத்திருப்பார்கள். படம் போடும் முன் விளக்கை அணைத்துவிட்டு அந்தக் கதைகளை முதலில் சொல்ல விடுங்கள்.

உங்கள் இரவுக்கு நடுநாயகமாக நான் சொல்வது ‘யாவரும் நலம்’. 2009இல் விக்ரம் கே. குமார் எடுத்தது, மாதவன் நடித்தது. ‘13பி’ என்ற பெயரில் இந்தியிலும் வந்தது. இதைத் திரும்பப் பார்க்கிறவர்கள் குறைவு, அதனால் பாதிப் பேருக்குப் புதிதாகவே இருக்கும். கூட்டுக்குடும்பம் ஒன்று பதின்மூன்றாவது மாடியில் புது வீடு வாங்கிக் குடியேறுகிறது. பாழடைந்த பங்களா கிடையாது, வௌவால் கிடையாது. வெள்ளைச் சுவர், புது சோபா, பளிச்சென்ற பகல். பி.சி. ஸ்ரீராமின் கேமரா அந்தப் பகல் வெளிச்சத்திலேயே நம்மைச் சங்கடப்படுத்துகிறது.

லிஃப்ட்டைப் பாருங்கள். மாதவன் தனியாக ஏறுகிறார், பொத்தானை அழுத்துகிறார், அது அசையவில்லை. சலித்துக்கொண்டு படியேறுகிறார். வேறொருவர் ஏறினால் சமத்தாக ஓடுகிறது. இன்னொருவரோடு சேர்ந்து ஏறினால் அவருக்கும் ஓடுகிறது. தனியாக ஏறும்போது மட்டும் அவரை ஏற்றிக்கொள்ள மறுக்கிறது. ஒரு அலறல் இல்லை, ஒரு நிழல் இல்லை. ஒரு இயந்திரம் ஒரு மனிதனைப் பிடிக்கவில்லை என்கிறது, அவ்வளவே. பிறகு பூஜை அறைச் சுவரில் சாமி படம் மாட்ட ஆணி இறங்க மறுக்கிறது. பால் தினமும் திரிந்து போகிறது. புது வீட்டுக்குப் போனால் நாம் முதலில் செய்வது பால் காய்ச்சுவது. அந்த வீட்டில் பால் நிற்கவில்லை என்றால் எந்தப் பாட்டிக்கும் அதற்கு மேல் விளக்கம் தேவையில்லை. வெளிநாட்டுக்காரருக்கு இந்தக் காட்சி அரைப் பயம்தான் தரும். நமக்கு முழுப் பயம்.

பேய் எங்கே குடியிருக்கிறது என்பதுதான் படத்தின் பெரிய குறும்பு. மதியம் ஒரு மணித் தொலைக்காட்சித் தொடரில். வீட்டுப் பெண்கள் தவறாமல் பார்க்கும் அந்தத் தொடரில் ஒரு குடும்பம் புது வீட்டுக்குக் குடிவருகிறது. அவர்களுக்கு நடப்பது இவர்களுக்கும் நடக்கிறது. புளியமரத்தையும் பாழ்மண்டபத்தையும் விட்டுவிட்டுப் பேய் நம் கூடத்துக்கே, நாமே ரிமோட்டை அழுத்தி வரவேற்கும் இடத்துக்கே வந்துவிட்டது. ஏன் காலி செய்யவில்லை என்ற கேள்விக்கும் இங்கே பதில் சுலபம். அது கடன் வாங்கி வாங்கிய வீடு. மாதத் தவணை கட்டுகிறவன் வீட்டில் பேய் இருக்கிறது என்பதை அவ்வளவு சீக்கிரம் ஒப்புக்கொள்ள மாட்டான். பதினோராவது மாடியில் இருக்கும் உங்களுக்கு இதை நான் சொல்ல வேண்டியதில்லை.

மலையாள நண்பர் ‘மணிச்சித்ரத்தாழ்’ போடலாம் என்பார், கன்னட நண்பர்கள் ‘ஆப்தமித்ரா’ என்பார்கள், நீங்கள் ‘சந்திரமுகி’ என்பீர்கள். கதை ஒன்றுதான். ஃபாசில் 1993இல் எடுத்த மலையாளப் படம் மூலம். பி. வாசு அதை 2004இல் கன்னடத்திலும் 2005இல் தமிழிலும் எடுத்தார், 2007இல் பிரியதர்ஷன் இந்திக்குக் கொண்டு போனார். சண்டை வேண்டாம், மூலத்தையே பாருங்கள். ஷோபனாவுக்குத் தேசிய விருது வாங்கிக் கொடுத்த நடிப்பு. அதில் எனக்கு மிகவும் பிடித்த விஷயம், தறவாடு எனும் பரம்பரை வீட்டில் எல்லோரும் மலையாளம் பேச, பூட்டிய அறைக்குள் இருக்கும் நாகவல்லி தஞ்சாவூரிலிருந்து வந்தவள், தமிழில் பேசுகிறாள். நாகவல்லி ஆடிப்பாடும் பாட்டின் தமிழ் வரிகளை எழுதியவர் வாலி. படம் பிடித்த இடங்களில் ஒன்றான பத்மநாபபுரம் அரண்மனை தக்கலைப் பக்கம், நம் கன்னியாகுமரி மாவட்டத்தில்தான் இருக்கிறது. பேயும் நம்முடையது, வீடும் நம்முடையது, படம் மட்டும் அவர்களுடையது. ‘ஆப்தமித்ரா’வில் அதே வேடத்தில் சௌந்தர்யா. 2004 ஏப்ரலில் இந்த ஊரின் ஜக்கூர் விமானத் தளத்திலிருந்து கிளம்பிய சிறு விமானம் விழுந்து அவர் இறந்தார், படம் அதன் பிறகுதான் வெளிவந்தது. இந்த ஊரில் அந்தப் படத்தைப் பற்றிப் பேச்சு வந்தால் ஒரு நொடி யாராவது மௌனமாகிவிடுவார்கள். ஆனால் மூன்று மணி நேரத்தை நெருங்கும் இந்தக் கதையைச் சனிக்கிழமை இரவில் திணிக்காதீர்கள். சாவகாசமான ஞாயிறு மதியத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

பெங்களூரு வாசிகள் கூடியிருக்கும் இடத்தில் ‘ரோமாஞ்சம்’ பெயரைச் சொல்லாமல் இருக்க முடியாது. 2023இல் வந்த மலையாளப் படம், கதை நடப்பது 2007இல் இந்த ஊரில் ஒரு வாடகை வீட்டில். இயக்குநர் ஜித்து மாதவன் தன் அனுபவத்திலிருந்து எடுத்தது. வேலை இருந்தும் இல்லாமலும் ஏழு பையன்கள், ஒரு கேரம் பலகை, ஒரு தம்ளர், ஆவியைக் கூப்பிடும் விளையாட்டு. அவர்கள் ஏன் காலி செய்யவில்லை? இந்த ஊரில் கல்யாணமாகாத ஏழு பையன்களுக்கு இன்னொரு வீடு யார் கொடுப்பார்கள்? பயத்தைவிடச் சிரிப்பு அதிகம், அதனால் உங்கள் நோக்கத்துக்கு உதவாது. ஆனால் கூட்டத்தில் யாராவது நடுங்கிப் போய் மூலையில் ஒதுங்கினால் அவரைத் தேற்ற இதுதான் மருந்து.

‘காஞ்சனா’, ‘அரண்மனை’ வரிசைப் படங்களைக் கேட்காமல் விட்டதற்கு நன்றி. குழந்தைகளோடு பண்டிகை நாளில் பார்க்க அவை சரி. அந்த வகையில் ஒன்றைத் தேர்ந்தெடுக்கச் சொன்னால் 2014இல் வந்த ‘யாமிருக்க பயமே’யைச் சொல்வேன். மலையில் இருக்கும் பழைய வீட்டை விடுதியாக்கிப் பிழைக்கப் பார்க்கும் கும்பல், வந்து தங்கும் விருந்தினர்கள் ஒவ்வொருவராகச் சாகிறார்கள். காலி செய்தால் முதலீடு போய்விடும். பதில் சரியாக இருப்பதால் சிரிப்பும் சரியாக இருக்கிறது. ‘பீட்சா’ (2012) நீங்கள் எல்லோரும் பார்த்திருப்பீர்கள், பார்க்காத ஒருவர் இருந்தால் அவருக்காகவே இன்னொரு முறை போடலாம். வாயைத் திறக்காமல் பார்க்கும் கட்டுப்பாடு மற்றவர்களுக்கு வேண்டும்.

கறுப்பு வெள்ளைப் படம் என்றதும் முகம் சுளிக்கிறவர்கள் உங்கள் கூட்டத்தில் இருப்பார்கள். அவர்களுக்காக ஒரு ஒளிப்பதிவாளரைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். ஏ. வின்சென்ட். 1963இல் ஸ்ரீதரின் ‘நெஞ்சம் மறப்பதில்லை’க்குக் கேமரா பிடித்தார். முன்பிறவி நினைவும் இடிந்த ஜமீன் மாளிகையும் கலந்த படம், அதில் வரும் இருட்டு வெறும் இருட்டல்ல, அடுக்கடுக்கான இருட்டு. மறு ஆண்டே அதே ஸ்ரீதருக்காகக் ‘காதலிக்க நேரமில்லை’யை வண்ணத்தில் எடுத்தார். அதே 1964இல் மலையாளத்தில் தானே இயக்குநராகி முதல் படமாக ‘பார்கவி நிலையம்’ எடுத்தார். வைக்கம் முகம்மது பஷீர் தன் ‘நீல வெளிச்சம்’ சிறுகதையை வைத்து எழுதிய திரைக்கதை. எழுத்தாளன் ஒருவன் அமைதியாக எழுதுவதற்கு ஒரு வீட்டை வாடகைக்குப் பிடிக்கிறான். முன்பணம் கொடுத்த பிறகுதான் அங்கே பார்கவி என்ற பெண்ணின் ஆவி இருப்பதாக ஊர் சொல்கிறது. கொடுத்த பணத்தை விட மனமில்லை, அதனால் பேயோடு பேசிப் பழகிக்கொள்கிறான். அறைக்குள் நுழையும்போது குரல் கொடுத்துவிட்டு நுழைகிறான், தன் கதையைப் படித்துக் காட்டுகிறான். என் அலசூர் நாட்களுக்கு முப்பது ஆண்டுகளுக்கு முன்பே என் கதையைப் பஷீர் எழுதிவிட்டார் என்று நினைத்துக்கொள்வேன். இது பயமுறுத்தும் படம் அல்ல, பேயின்மீது பிரியம் வரவைக்கும் படம். தனியாகப் பாருங்கள்.

ஆங்கிலப் படங்களுக்கு வருகிறேன். 1963இல் ராபர்ட் வைஸ் எடுத்த ‘தி ஹாண்டிங்’ எனக்கு எல்லாவற்றுக்கும் மேலே. ‘தி சவுண்ட் ஆஃப் மியூசிக்’ எடுத்த அதே மனிதர். படம் முழுக்கப் பேயை ஒரு முறைகூடக் கண்ணில் காட்டுவதில்லை. ஓர் இரவு இரண்டு பெண்கள் ஓர் அறையில் இருக்கிறார்கள். வெளியே தாழ்வாரத்தில் ஏதோ ஒன்று ஒவ்வொரு கதவாகத் தட்டிக்கொண்டே நெருங்கி வருகிறது. இன்னோர் இடத்தில் ஒரு மரக்கதவு மூச்சு இழுப்பதுபோல உட்பக்கமாகப் புடைத்து மீண்டும் அமுங்குகிறது. இருட்டில் தோழியின் கையை இறுகப் பிடித்துக்கொண்டு கிடக்கிறாள் நாயகி, விளக்கு எரிந்ததும் தோழி அறையின் மறுபக்கத்தில் இருக்கிறாள். அப்படியானால் பிடித்துக்கொண்டிருந்தது யாருடைய கை? அவள் ஏன் அந்த வீட்டை விட்டுப் போகவில்லை என்பதுதான் அதைவிடக் கொடுமை. வாழ்நாள் முழுவதும் நோயாளித் தாயைப் பார்த்துக்கொண்டிருந்தவள் அவள், போய்ச் சேர வேறு இடமே இல்லை. முதன்முதலாகத் தன்னை ‘வா’ என்று அழைத்தது அந்த வீடுதான். இதே பெயரில் 1999இல் எடுத்த படம் ஒன்று உண்டு. தவறிப்போய் அதைப் போட்டுவிடாதீர்கள், உங்கள் மனைவி விடியும்வரை சிரிப்பார்.

நிக்கோல் கிட்மன் நடித்த ‘தி அதர்ஸ்’ (2001), வெளிச்சம் பட்டால் உடம்பு புண்ணாகும் இரண்டு குழந்தைகளோடு திரைச்சீலைகளை இழுத்துவிட்ட மாளிகையில் வாழும் தாயின் கதை. ஒரு கதவைப் பூட்டாமல் அடுத்ததைத் திறக்கக் கூடாது என்பது வீட்டுச் சட்டம். இதைப் பற்றி இதற்கு மேல் ஒரு வார்த்தை சொன்னாலும் பாவம் வந்து சேரும். ‘தி சேஞ்ச்லிங்’ (1980) படத்தில் ஒரு சிறிய பந்து மாடிப்படியில் தானாகத் துள்ளி இறங்கி வருகிறது. வீட்டில் தனியாக இருக்கும் இசையமைப்பாளர் அதைக் காரில் எடுத்துப் போய்ப் பாலத்திலிருந்து ஆற்றில் எறிந்துவிட்டுத் திரும்புகிறார். கதவைத் திறக்கிறார். அதே பந்து, ஈரத்தோடு, அதே படியில் மீண்டும் இறங்குகிறது. ஐம்பது காசு பந்து செய்த வேலையைப் பிறகு வந்த எத்தனையோ கணினி வித்தைகள் செய்யவில்லை.

‘போல்டர்கைஸ்ட்’ (1982) கதையை நம் ஊருக்கு எளிதில் பொருத்திப் பார்க்கலாம். கல்லறைத் தோட்டத்தின் மேல் கட்டிய புதுக் குடியிருப்பு அது. இங்கே எடுத்தால் அடியில் பிணங்களுக்குப் பதில் ஏரி இருக்கும். மெஜஸ்டிக் பஸ் நிலையம் தர்மாம்புதி ஏரியில் நிற்கிறது, கண்டீரவா விளையாட்டரங்கம் சம்பங்கி ஏரியில் நிற்கிறது. அடைமழை நாளில் ஏரி தன் பழைய இடத்தைத் தேடி வருவதைப் பார்த்தவர்களுக்குப் பேய் மேல் சந்தேகம் வராது. ஆனால் அமெரிக்காவில் சிறுவர்களும் பார்க்கலாம் என்று சான்றிதழ் கொடுத்த படமாயிற்றே என்று நம்பிப் பத்து வயதுப் பையனோடு உட்காராதீர்கள். அதில் வரும் கோமாளிப் பொம்மை அவன் தூக்கத்தை ஒரு மாதத்துக்குக் கெடுக்கும்.

‘தி கான்ஜூரிங்’ (2013) கூட்டத்தோடு கத்திப் பார்க்க நல்ல படம். ஐந்து பெண் பிள்ளைகள், இருக்கிற பணத்தையெல்லாம் போட்டு வாங்கிய பண்ணை வீடு, கண்ணைக் கட்டிக்கொண்டு கைதட்டல் சத்தத்தைத் தேடும் விளையாட்டு. அலமாரிக்குள்ளிருந்து இரண்டு கைகள் நீண்டு தட்டும் இடம் வரும்போது பக்கத்தில் சூடான காபி இருக்கக் கூடாது. ‘தி ஷைனிங்’ மாபெரும் படம்தான், ஆனால் எட்டுப் பேர் சிப்ஸ் பாக்கெட்டோடு பார்க்கும் படம் அல்ல. மறுத்துப் பேசுகிறவர்கள் பேசட்டும்.

இரண்டு படங்களைத் தனியாகக் குறித்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் என் படிக்கல்லில் நிறுத்தால் முதல் மதிப்பெண் இவற்றுக்குத்தான். ‘அண்டர் தி ஷாடோ’ (2016) 1980களின் போர்க்காலத் தெஹ்ரானில் நடக்கிறது. கணவன் போர்முனையில், மேலே ஏவுகணை, அடுக்குமாடியில் ஒவ்வொரு குடும்பமாகக் காலி செய்கிறது, தாயும் மகளும் மட்டும் மிஞ்சுகிறார்கள். காற்றில் பறந்து வரும் ஒரு துணியைக் காட்டியே நடுங்க வைக்கிறார் இயக்குநர். ஒன்றரை மணி நேரம்கூட இல்லை. ‘ஹிஸ் ஹவுஸ்’ (2020) தெற்கு சூடானிலிருந்து இங்கிலாந்துக்கு அகதிகளாக வந்த தம்பதியைப் பற்றியது. அரசு ஒதுக்கிய வீட்டை விட்டு வேறிடம் போக அவர்களுக்கு அனுமதி இல்லை. சுவருக்குப் பின்னால் இருப்பதை அதிகாரியிடம் சொல்லவும் முடியாது, நன்றி கெட்டவர்கள் என்று பெயர் வரும்.

இனி உங்கள் மனைவி. சிரிக்கிறவர்களைப் பேய் முகத்தைக் காட்டிப் பயமுறுத்த முடியாது. அவர்கள் வாழ்க்கையில் ஏற்கெனவே இருக்கும் ஒன்றைத் தொட வேண்டும். அதற்கு என் கையில் இருப்பது ‘பூதகாலம்’, 2022இல் ராகுல் சதாசிவன் எடுத்த மலையாளப் படம். மனச்சோர்வில் வாடும் பள்ளி ஆசிரியை, வேலை கிடைக்காத மகன், அவர்களோடு இருந்த பாட்டியின் சாவு. வாடகை வீடு. அம்மாவுக்கு மகன்மேல் சந்தேகம், மகனுக்குத் தன்மேலேயே சந்தேகம். வீட்டில் ஏதோ இருக்கிறதா, இவர்களுக்கு மனம்தான் கெட்டுவிட்டதா என்று நாம் தடுமாறும்போது ஒரு மணி நேரம் ஓடிவிடுகிறது, கடைசி அரை மணி நேரம் மூச்சை அடக்கிக்கொள்ள வேண்டியிருக்கும். அம்மாவாக ரேவதி. 1992இல் ராம்கோபால் வர்மாவின் ‘ராத்’ படத்தில் புது வீட்டுக்குக் குடிபோய்ப் பேய் பிடிக்கும் கல்லூரிப் பெண்ணாக நடித்தவரும் அவரே. முப்பது ஆண்டு கழித்து அந்தப் பெண்ணின் அம்மா வயதில் இன்னொரு பேய் வீட்டில் வந்து நிற்கிறார். கேரள அரசின் சிறந்த நடிகை விருது சும்மா கிடைக்கவில்லை. இதைப் பார்த்துச் சிரித்தார் என்றால் நீங்கள் தோல்வியை ஒப்புக்கொண்டுவிடலாம்.

படத்தைவிட முக்கியமான ஒன்று சத்தம். ‘காதலிக்க நேரமில்லை’யில் நாகேஷ் பாலையாவிடம் பேய்க்கதை சொல்லும் காட்சியை நினைத்துப் பாருங்கள். பட்டப்பகல், சாதாரணக் கூடம், எதிரே ஒரு பேயும் இல்லை. நாகேஷ் வாயாலேயே கதவு திறக்கும் சத்தமும் காலடிச் சத்தமும் கொடுக்கிறார், பாலையா நாற்காலியில் ஒடுங்கிப் போகிறார். பயம் காது வழியாகத்தான் உள்ளே போகிறது என்பதற்கு இதைவிட நல்ல பாடம் கிடையாது. அதனால் தொலைக்காட்சிப் பெட்டியின் சொந்த ஒலிபெருக்கியை நம்பாதீர்கள். சின்னதாக ஒரு ஸ்பீக்கர் இருந்தாலும் இணையுங்கள். மின்விசிறியைக் குறைத்து வையுங்கள், பெங்களூரு இரவுக்கு அது தேவையும் இல்லை. முறுக்கு, சிப்ஸ், கவர் பிரிக்கும் எதுவும் படம் ஓடும்போது வேண்டாம். மங்களூர் பஜ்ஜி கடிக்கும்போது சத்தம் போடாது.

சப்டைட்டிலில் ஒரு கண்ணி இருக்கிறது, பலரும் இதில் விழுகிறார்கள். காது கேளாதவர்களுக்கான வசன வரியைத் தெரியாமல் போட்டுவிட்டால் ‘கதவு கிரீச்சிடுகிறது’, ‘பின்னால் மூச்சுச் சத்தம்’ என்று திரை முன்கூட்டியே காட்டிக்கொடுத்துவிடும். வெறும் வசனம் மட்டும் வரும் வரிசையை மாலையிலேயே தேர்ந்தெடுத்து ஐந்து நிமிடம் ஓட்டிப் பாருங்கள். படம் எந்தத் தளத்தில் இருக்கிறது என்பதையும் அப்போதே பார்த்துக்கொள்ளுங்கள், அது மாதத்துக்கு மாதம் மாறுகிறது. செட்டாப் பெட்டியில் ஒளிரும் கடிகாரத்தின் மேல் ஒரு துண்டைப் போடுங்கள்.

எங்கள் குடியிருப்பின் பொது அறையில் ஒரு முறை ‘தி இன்னசென்ட்ஸ்’ (1961) போட்டோம். ஏரியின் மறுகரையில், நாணல்களுக்கு நடுவே, கறுப்பு உடையில் ஒரு பெண் அசையாமல் நிற்கும் இடம். பகல் வெளிச்சம், தூரத்து உருவம், அறையில் ஒருவரும் மூச்சுவிடவில்லை. சரியாக அப்போது வெளியே இரவுக் காவலாளி தன் தடியைத் தரையில் இரண்டு தட்டு தட்டினார். இருபத்திரண்டு பேர் ஒரே குரலில் கத்தினோம். காவலாளி அதைவிட அதிகமாகக் கத்தினார். அவரைச் சமாதானப்படுத்தித் தேநீர் கொடுக்கவே அரை மணி நேரம் ஆயிற்று. உங்கள் பக்கத்து வீட்டுக்காரர்களுக்கும் கீழே காவலாளிக்கும் சொல்லி வைத்துவிடுங்கள்.

வரிசை இப்படி இருக்கட்டும். ஆறரை மணிக்குப் பையனுக்காக ‘மான்ஸ்டர் ஹவுஸ்’ (2006). எதிர்வீடே உயிருள்ள பூதமாக இருக்கும் அனிமேஷன் படம், ஒன்றரை மணி நேரம். பெரியவர்களும் ரசிக்கலாம். எட்டேகாலுக்குச் சாப்பாடு. ஒன்பது மணிக்கு அவனைப் படுக்க வைத்துவிட்டுத்தான் ‘யாவரும் நலம்’. உங்கள் அண்ணன் மகன் தூங்கியதுபோல நடிப்பான், கதவிடுக்கில் ஒரு முறை பார்த்துவிட்டு வாருங்கள். பிறகு பத்து நிமிட இடைவேளை, தேநீர், யாரும் விளக்குப் போடக் கூடாது. நள்ளிரவை ஒட்டிப் ‘பூதகாலம்’. மனைவிக்குச் சுவரோரம் இடம் கொடுக்காதீர்கள், முதுகுக்குப் பின்னால் இருட்டான தாழ்வாரம் இருக்கும்படி உட்கார வையுங்கள். நீங்கள் செய்தது என்று பிறகு தெரிந்தால் என் பெயரைச் சொல்லக் கூடாது.

எல்லாம் முடிந்து நண்பர்கள் கிளம்பும்போது லிஃப்ட் வரைக்கும் கூடப் போங்கள். யாராவது ஒருவர் கதவருகில் நின்று தயங்கி, “பரவாயில்லை, படியிலேயே இறங்கிக்கொள்கிறேன்” என்று பதினோரு மாடியையும் நடந்து இறங்கினால், ஞாயிற்றுக்கிழமை காலை மறக்காமல் எனக்கு எழுதுங்கள்.